நமக்குள்ள எதுக்குங்க சீல்

மூன்று வருடத்தில் முடிக்க வேண்டிய சட்டப் படிப்பை வக்கீல் ஆறுச்சாமி ஏழு வருடம் ஆற அமரப் படித்தவர். பரீட்சையில் கோட்டை விட்ட பிள்ளைகளைக் கண்டால் அவருக்குச் சொந்தக்காரப் பாசம் வந்துவிடும். ஆனால் கோயம்புத்தூர் கோபாலபுரத்தில் இருந்த அவருடைய மாடி அலுவலகத்தைத் தேடி அப்படிப்பட்ட பிள்ளைகள் யாரும் ஏறி வருவதில்லை. வருகிறவர்களில் பாதிப் பேர் பாகப்பிரிவினை, மீதிப் பேர் வண்டித்தட வழக்கு. ஒரு மாட்டுவண்டி போகிற அகலத்துக்காகப் பதினைந்து வருடமாக அவர் நடத்திக்கொண்டிருந்த வழக்கு ஒன்றில், வாதியும் பிரதிவாதியும் மாட்டையும் வண்டியையும் எப்போதோ விற்றுவிட்டிருந்தார்கள்.

அதனால், 1996 அக்டோபர் மாதம் இரண்டாவது வாரத்தில் கிருபா என்ற பெண் வந்து நின்று, "ஏனுங்க சார், யுனிவர்சிட்டி மேல கேசு போடுவீங்களா?" என்று கேட்டபோது அவருக்குக் கொஞ்சம் நிமிர்ந்து உட்காரத் தோன்றியது.

காங்கேயத்துப் பக்கத்துப் பெண். பீளமேட்டில் ஒரு கல்லூரியில் விடுதியில் தங்கி பி.எஸ்சி. கணிதம் படித்தவள். அம்மா மாரியாத்தாள், ஞானஸ்நானம் வாங்கி இருபது வருடமாகியும் பழைய பேரை மாற்றிக்கொள்ளாமல் தேங்காய்க் களத்தில் கூலி வேலை பார்ப்பவள். அப்பா இல்லை. கடைசி வருடப் பரீட்சையில் எல்லாத் தாளிலும் எண்பதுக்கு மேல் வாங்கியிருந்த பெண்ணுக்கு ஒரே ஒரு தாளில் மட்டும் பதினொன்று வந்திருந்தது.

"மறுமதிப்பீட்டுக்கு ஜூலை மூணாந்தேதி எழுதிப் போட்டனுங்க சார். காலேஜ் மூலமாத்தான் போச்சுங்க. நாப்பத்தஞ்சு நாள்ல வந்துரும்னாங்க. இன்னியோட நூறு நாளாச்சுங்க."

"நூறு நாள் ஓடிருச்சுன்னா தியேட்டர்ல விழாக் கொண்டாடுவாங்களே கண்ணு."

அவள் சிரிக்கவில்லை. பிளாஸ்டிக் உறையிலிருந்து ஒரு கடிதத்தை எடுத்து மேசைமேல் திருப்பி வைத்தாள். மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் எழுத்தர் வேலை. எழுத்துத் தேர்விலும் நேர்முகத்திலும் தேறிவிட்டாள். டிசம்பர் 31க்குள் பட்டம் பெற்றதற்கான சான்றைக் காட்ட வேண்டும். காட்டாவிட்டால் பட்டியலில் அடுத்த ஆளுக்குப் போய்விடும்.

"நவம்பர்ல அந்தத் தாளத் திருப்பி எழுதிப்போட்டா?"

"எழுதத்தான் போறனுங்க. ரிசல்ட்டு பிப்ரவரிலதானுங்க வரும். பாஸாயிருவனுங்க. வேலைதான் இருக்காதுங்க."

ஆறுச்சாமி நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். இரண்டு வழி இருக்கிறது என்றார். ஒன்று நுகர்வோர் மன்றம். அங்கே போனால் மாணவி என்பவள் நுகர்வோரா இல்லையா என்று முதலில் ஒரு சண்டை நடக்கும். "அது தீர்றதுக்குள்ள உனக்குப் பேரன் பொறந்துருவான்." இன்னொன்று சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. மறுமதிப்பீட்டை இத்தனை நாளுக்குள் முடி என்று நீதிபதி பல்கலைக்கழகத்துக்கு உத்தரவு போடுவார். ஆனால் எடுத்த எடுப்பில் அங்கே போய் நிற்க முடியாது. கேட்டேன், செய்யவில்லை என்று காட்ட வேண்டும். அதற்கு முதலில் ஒரு வக்கீல் நோட்டீஸ்.

"இன்னொண்ணு இருக்குது அம்மணி. ரிசல்ட்டு வந்து ஆறு மாசத்துக்குத்தான் விடைத்தாள வெச்சிருப்பாங்க. அப்பறம் காகித மில்லுக்கு எடைக்குப் போட்டுருவாங்க. உனக்கு டிசம்பர் இருபத்தி நாலோட ஆறு மாசம் முடியுது. அதனால விடைத்தாளப் பத்தரமா எடுத்து வெய்யின்னும் நோட்டீசுல எழுதோணும்."

அவள் அந்தத் தேதியை உறையின் ஓரத்தில் எழுதிக்கொண்டாள்.

நோட்டீஸை டைப் செய்தது சாஜிதா பேகம். ஆறுச்சாமியின் ஆங்கிலத்தைப் பன்னிரண்டு வருடமாகச் சத்தம் போடாமல் திருத்திக்கொண்டிருந்த அம்மா அவர். உறையை ஒட்டும்போது கேட்டார். "பதிவுத் தபால்தானுங்களே சார்? ஒப்புகை அட்டை வெச்சு ஒட்டிரட்டுமா?"

"வேண்டாம்மா. தபால்ல போனா நாலு நாள் போயிரும். நாளைக்கு நானே நேர்ல குடுத்து நகல்ல சீல் வாங்கிட்டு வந்துர்றேன்."

அதில் தப்பே இல்லை. சட்டப்படி அதுவும் சரியான வழிதான். சீல் வாங்கியிருந்தால்.

மறுநாள் அவரும் கிருபாவும் பல்கலைக்கழகத்துத் தேர்வுப் பிரிவுக்குப் போனார்கள். கூடத்தில் ஆள் உயரத்துக்குச் சணல் கயிறு கட்டிய காகிதக் கட்டுகள். அவற்றின் நடுவே ஒரு சந்து, சந்தின் முடிவில் ஒரு மேசை, மேசைக்குப் பின்னால் கண்காணிப்பாளர் பொங்கியண்ணன். நெற்றியில் திருநீறு, சட்டைப் பையில் மூன்று பேனா. நோட்டீஸை வாங்கியவர் அதில் அடித்திருந்த வக்கீல் பெயரையும் முகவரியையும் மட்டும் படித்துவிட்டு நிமிர்ந்தார்.

"வக்கீலய்யாவுக்குச் சொந்த ஊரு எதுங்க?"

"காங்கேயமுங்க."

"டவுனுங்களா, பக்கத்துலீங்களா?"

"நத்தக்காடையூர் போற வழீலீங்க."

"அடடே. கூட்டம் எதுன்னு தெரிஞ்சுக்கலாமுங்களா?"

ஆறுச்சாமி தன் கூட்டத்தை, அதாவது குலத்தின் பெயரை, சொன்னார். எங்கள் பக்கத்தில் இரண்டு கவுண்டர்கள் முதல்முறையாகச் சந்தித்தால் இந்த விசாரணை நடக்காமல் தீராது. ஒரே கூட்டம் என்றால் பங்காளி, வேறு கூட்டம் என்றால் மாமன் மச்சான். எப்படியும் சொந்தம் வந்துவிடும். அது வராமல் போக வழியே வைக்கவில்லை பெரியவர்கள். பொங்கியண்ணனுக்கு இரண்டே நிமிடத்தில் வழி கிடைத்தது.

"என்ற சின்னம்மா புள்ளைய உங்கூர்லதானுங்க குடுத்திருக்குது. மேக்காலத் தோட்டத்துக்கு. அப்ப நீங்க எனக்கு மாப்ள முறையாகோணும்."

"அட, அவுங்களுங்களா. எங்க தோட்டத்துக்கு அடுத்த தோட்டந்தானுங்க."

டீ வந்தது. இரண்டு டம்ளர். மேசைக்கு எதிரில் ஒரே நாற்காலி. அதில் ஆறுச்சாமி உட்கார்ந்திருந்தார். கிருபா கட்டுகளுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தாள். அவள் எந்த ஊர் என்று பொங்கியண்ணன் கேட்கவில்லை. நோட்டீஸிலேயே இருந்தது; அதை அவர் படிக்கவும் இல்லை.

கிளம்பும்போது ஆறுச்சாமி நகலை நீட்டினார். "இதுல ஒரு சீல் மட்டும் போட்டுக் குடுத்தீங்கன்னா..."

பொங்கியண்ணனின் முகம் ஒரு நொடி சுருங்கியது. விருந்துக்கு வந்தவன் சாப்பாட்டை முகர்ந்து பார்த்தால் வீட்டுக்காரர் முகம் போகுமே, அப்படி.

"நமக்குள்ள எதுக்குங்க சீலு? அதப் போட்டா தபால் ரிஜிஸ்டருக்குப் போகோணும், அங்கிருந்து பதிவாளருக்குப் போகோணும், லீகல் செக்சனுக்குப் போகோணும். சுத்திக்கிட்டே இருக்குமுங்க. எங்கிட்டயே இருக்கட்டும். பத்தே நாள், நானே முன்னால நின்னு முடிச்சுக் குடுத்துப்போடறனுங்க மாப்ள."

நோட்டீஸ் மேசை இழுப்பறைக்குள் போனது. ஆறுச்சாமி நீட்டிய நகலை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டார். டீயைக் குடித்துவிட்டு, மாப்பிள்ளை என்று கூப்பிட வைத்துவிட்டு, அதற்குப் பிறகும் சீல் போடு என்று நிற்பது அவருக்கு வரவில்லை. நீதிபதியிடம் ஒத்தைக்கு ஒத்தை நின்று வாதாடுவார். சொந்தக்காரரிடம் ஒரு ரசீது கேட்க நாக்கு எழாது. அவருடைய அப்பாவும் அப்படித்தான். மூன்று ஏக்கரை அப்படித்தான் விட்டார்.

பஸ் நிறுத்தத்தில் கிருபா கேட்டாள். "சார், நோட்டீசுக்கு நம்பர் எதுவும் போடலீங்களே?"

"நம்பரக் காட்டிலும் பெரிய ஆளே கிடைச்சுட்டாரு கண்ணு. நீ நிம்மதியாப் போ."

பத்து நாள் போனது. தீபாவளி வந்தது. ஆறுச்சாமி தொலைபேசியில் கூப்பிட்டபோதெல்லாம் பொங்கியண்ணன் அன்பாகத்தான் பேசினார். திருத்துகிற பேராசிரியருக்கு மஞ்சள் காமாலை என்றார். அடுத்த முறை, பேராசிரியருக்குக் குணமாகிவிட்டது, ஆனால் கார்த்திகைக்கு மாலை போட்டுவிட்டார் என்றார். ஒவ்வொரு முறையும் வீட்டில் எல்லோரும் சௌக்கியமா என்று கேட்டார். கிருபா வாரம் ஒருமுறை காங்கேயத்திலிருந்து பஸ் ஏறி வந்து மாடிப்படியில் உட்கார்ந்திருப்பாள். வந்தவுடன் ஒரே கேள்விதான். "நம்பர் போட்டாங்களாங்க சார்?" ஆறுச்சாமி ஏதாவது ஒரு வேடிக்கை சொல்லி அனுப்பிவைப்பார். நவம்பர் கடைசியில் அவரிடம் வேடிக்கை தீர்ந்துபோனது.

டிசம்பர் இரண்டாம் தேதி, ரிட் மனுவை டைப் செய்யச் சொன்னார். அதைத் தொலைபேசியில் பொங்கியண்ணனிடம் மரியாதைக்குச் சொல்லவும் செய்தார். எதிர்த்தரப்புக்கு முன்கூட்டியே தகவல் சொல்லிவிட்டு வழக்குப் போடும் வக்கீல் இந்தியாவில் அவர் ஒருவராகத்தான் இருந்திருப்பார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை பொங்கியண்ணன் மனைவியோடு வீட்டுக்கு வந்தார். பை நிறைய முருங்கைக்காய். மனைவிமார் இருவரும் சமையலறைக்குள் போனபிறகு குரலைத் தாழ்த்தினார்.

"மாப்ள, ஜூன்ல எனக்கு ரிட்டயர்மெண்டுங்க. இப்பப் போயி கேசுன்னு வந்தா எம்பேருக்குத்தான் மெமோ வரும். பென்சன நிறுத்திப்போடுவாங்க. உங்களுக்குத் தெரியாததா. இருவதாந்தேதிக்குள்ள முடிச்சுத் தந்துர்றனுங்க. முடியலீன்னா நீங்க போட்டுக்குங்க, நான் ஒரு வார்த்த சொல்ல மாட்டனுங்க."

திங்கட்கிழமை சாஜிதா பேகம் மனுவை மேசைமேல் வைத்தார். ஆறுச்சாமி அதை எடுத்துப் பீரோவில் வைத்தார்.

"அந்தப் புள்ளைக்கு இருபத்தி நாலாந்தேதி கெடுங்களே சார்," என்றார் அவர்.

"இருபதுக்குள்ள ஆயிரும்மா."

"யாரு சொன்னாங்க?"

ஆறுச்சாமி பீரோவைச் சாத்தினார்.

இருபதாம் தேதி வெள்ளிக்கிழமை காலையில் அவர் சென்னையில் இருந்தார். முந்தின நாள் தொலைபேசியைப் பொங்கியண்ணன் எடுக்கவில்லை. விடுப்பில் போயிருப்பதாக வேறு யாரோ சொன்னார்கள். ஆறுச்சாமிக்குத் தெரிந்த மூத்த வக்கீல் ஒருவர் மனுவை நின்றபடியே புரட்டினார்.

"நோட்டீஸ் கொடுத்ததுக்கு அக்னாலெட்ஜ்மென்ட் எங்கய்யா?"

"நேர்ல கையில குடுத்துட்டனுங்க."

"யார் கையில? என்னிக்கு? சீல் இல்ல, நம்பர் இல்ல. இதுக்கு நீ குடுக்கவே இல்லேன்னு அவன் சொன்னா என்ன பண்ணுவே? கேட்டதுக்கே ப்ரூஃப் இல்லாம மாண்டமஸ் உத்தரவு எப்படிய்யா கேட்பே?"

மூத்தவர் சொன்னதையே நீதிமன்றத்துப் பதிவுத்துறையிலும் சொன்னார்கள். மனுவின் முதுகில் குறிப்பு எழுதித் திருப்பிக் கொடுத்தார்கள். அடுத்த நாளிலிருந்து கிறிஸ்துமஸ் விடுமுறை. ஆறுச்சாமி உயர் நீதிமன்றத்துக்கு எதிரில் இருந்த தபால் நிலையத்தில் நின்று, அக்டோபரில் அனுப்பியிருக்க வேண்டிய நோட்டீஸைத் தன் கையாலேயே ஒப்புகை அட்டை ஒட்டி அனுப்பினார். தந்தியும் ஒன்று கொடுத்தார். தந்தி என்ன ஆனது என்று கடைசிவரை யாருக்கும் தெரியவில்லை. தபால் இருபத்தேழாம் தேதி போய்ச் சேர்ந்ததாக அட்டை திரும்பி வந்தது.

இருபத்தாறாம் தேதி காகித மில்லின் லாரி வந்து போயிருந்தது.

அந்த ஒப்புகை அட்டையை இணைத்து மறுபடி போட்ட மனு ஜனவரி மூன்றாவது வாரம் விசாரணைக்கு வந்தது. கிருபாவின் கல்லூரியிலிருந்து ஜூலையில் வந்த மறுமதிப்பீட்டு விண்ணப்பக் கட்டு பிரிக்கப்படவே இல்லை என்பதைப் பல்கலைக்கழகத்து வக்கீல் கொஞ்சம் வருத்தத்தோடு ஒப்புக்கொண்டார். பிரிக்காததால் அவளுடைய விடைத்தாள் தனியாக எடுத்து வைக்கப்படவில்லை. எடுத்து வைக்கும்படி ஆறு மாதத்துக்குள் யாரும் எழுதிக் கேட்கவும் இல்லை. ஆகவே விதிப்படி அழிக்கப்பட்டது. அக்டோபரில் அப்படி எந்த நோட்டீஸும் வரவில்லை என்று பிரிவுக் கண்காணிப்பாளர் கையெழுத்திட்ட வாக்குமூலம் இணைக்கப்பட்டிருந்தது.

"அக்டோபர்ல குடுத்ததுக்கு ஏதாவது இருக்கா?" என்று கேட்டார் நீதிபதி.

"நேரில் கொடுத்தேன், மைலார்ட்."

"ஆதாரம் இருக்கான்னு கேட்டேன்."

மதிப்பிடுவதற்குத் தாள் இல்லாத நிலையில் மனு பயனற்றுப் போய்விட்டது என்று தள்ளுபடி ஆனது. நான்கு நிமிடம். வண்டித்தட வழக்கில் வாய்தா வாங்கவே அதைவிட நேரம் பிடிக்கும்.

ஊர் திரும்பிய அன்றைக்குத் தொலைபேசி வந்தது. "மாப்ள, அது ஆபீசுக்காக எழுதிக் குடுத்ததுங்க. மனசுல எதும் வெச்சுக்காதீங்க. வீட்டுல எல்லாம் சௌக்கியந்தானுங்களே?"

ஆறுச்சாமி சௌக்கியம் என்று சொன்னார். சொல்லிவிட்டு, ரிசீவரை வைத்தபிறகும் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். சாஜிதா பேகம் டைப் அடிப்பதை நிறுத்தியிருந்தார்.

மூன்று நாள் கழித்து ஆறுச்சாமி காங்கேயத்துக்கு பஸ் ஏறினார். மேல்முறையீட்டுக்கு முப்பது நாள் இருந்தது. தாள் அழிந்துவிட்டால் மற்ற தாள்களின் சராசரியைக் கொடு என்று கேட்கலாம். அப்படிக் கொடுக்கச் சொன்ன தீர்ப்புகள் உண்டு. பரீட்சை எழுதிய ஏப்ரல் தேதியிலேயே அவள் தேறியதாக ஆனால், டிசம்பரில் பறிபோன வேலையையும் கேட்டுப் பார்க்கலாம். ஆனால் அழிப்பதற்கு முன்பே நோட்டீஸ் போய்விட்டது என்று யாராவது சத்தியம் செய்து சொல்ல வேண்டும். அந்த யாராவது அவர்தான். சாட்சி சொல்கிறவன் அதே வழக்கில் வக்கீலாக நிற்க முடியாது. ஆகவே வழக்கிலிருந்து விலகிக்கொண்டு, தன் கவனக்குறைவைத் தானே ஒப்புக்கொண்டு ஒரு பிரமாணப் பத்திரம் எழுதியிருந்தார். இரண்டு இரவு உட்கார்ந்து எழுதியது. தன்னைத் திட்டி எழுதுவதில் அவருக்கு எப்போதுமே ஒரு சரளம் உண்டு.

களத்தில் உடைத்த தேங்காய்கள் வெள்ளை வெளேரென்று காய்ந்துகொண்டிருந்தன. பெண்கள் வரிசையாகக் குனிந்து பருப்பைத் தோண்டி எடுத்துக்கொண்டிருந்தார்கள். அவர்களில் ஒருத்தி எழுந்து கையைப் பாவாடையில் துடைத்தபோதுதான் அது கிருபா என்று தெரிந்தது. தலையில் துண்டு கட்டியிருந்தாள். சற்றுத் தள்ளி மாரியாத்தாள் நிமிர்ந்து பார்த்தாள்; வக்கீல் என்று தெரிந்ததும் கும்பிட்டாள். அந்தக் கும்பிடை வாங்கிக்கொள்ள ஆறுச்சாமிக்குக் கை வரவில்லை.

"அந்த வேலை அடுத்த ஆளுக்குப் போயிருச்சுங்க சார். போன வாரம் சேந்துட்டாங்களாம்," என்றாள் கிருபா. வானிலை சொல்வதுபோலச் சொன்னாள்.

அவர் மேல்முறையீட்டைப் பற்றிச் சொன்னார். எத்தனை வருடமாகும் என்று அவள் கேட்டாள். இரண்டு, மூன்று, நாலும் ஆகலாம் என்றார். பிரமாணப் பத்திரத்தை அவளிடம் கொடுத்தார். வேப்பமரத்தடியில் நின்று அவள் படித்தாள். தேற்றத்தின் நிரூபணத்தைப் படிக்கிற மாதிரி, ஒவ்வொரு வரியின் முடிவிலும் நின்று நின்று போனாள். இரண்டாம் பக்கத்திலிருந்து திரும்பி முதல் பக்கத்துக்கு வந்தாள்.

"சார், நோட்டீஸ 'தேர்வுப் பிரிவில் ஓர் அலுவலரிடம்' குடுத்ததா எழுதியிருக்கீங்க."

"ஆமா."

"அவரு பேரு இல்லீங்களே."

ஆறுச்சாமி கர்ச்சீப்பை எடுத்து முகத்தைத் துடைத்தார். தன் சோம்பல், தன் அசட்டுத்தனம், தன் முன்யோசனையின்மை எல்லாவற்றையும் நான்கு பக்கத்துக்கு எழுதியிருந்தார். அந்தப் பெயர் வருகிற இடத்தை மட்டும் பேனா தானாகச் சுற்றிக்கொண்டு போயிருந்தது. அது அவருக்கு இப்போதுதான் தெரிகிறது என்று சொல்ல ஆசையாக இருந்தது. ஆனால் தெரிந்தேதான் எழுதினார்.

"அவருக்கு இன்னும் அஞ்சு மாசம்தான் சர்வீசு இருக்குது கண்ணு. பேரப் போட்டா பென்சனே போனாலும் போயிரும். பொண்டாட்டி புள்ளைங்க இருக்குது..."

"பேரில்லாம ஜட்ஜு ஒத்துக்குவாருங்களா?"

சட்டம் படிக்காத பெண். ஒரே கேள்வியில் சரியான இடத்துக்கு வந்து நின்றாள். ஏழு வருடம் படித்தவர் தலையை ஆட்டினார்.

"ஒத்துக்க மாட்டாரு."

அவள் தாள்களை நீட்டினாள். கோபம் இருந்திருந்தால் ஆறுச்சாமிக்குச் சமாளிப்பது எளிதாக இருந்திருக்கும். களத்தில் யாரோ, "ஏய் கிருபா, இந்த வரிசைய முடிச்சுப்போட்டுப் போ," என்று கூப்பிட்டார்கள். "வாரேனுங்கக்கா," என்று குரல் கொடுத்துவிட்டு அப்படியே நின்றாள்.

ஆறுச்சாமி மரத்து வேரில் ஒரு காலை ஊன்றி, பையை முழங்கால்மேல் வைத்து, 'ஓர் அலுவலரிடம்' என்பதை அடித்தார். மேலே எழுதினார்: எனக்கு உறவு முறையில் மாமனான கண்காணிப்பாளர் திரு. பொங்கியண்ணனிடம். உறவு முறை என்று எழுத வேண்டிய அவசியம் சட்டப்படி இல்லை. எழுதினார். அதற்குக் கீழே இன்னொரு வரியும் சேர்த்தார். உறவினர் என்பதாலேயே முத்திரை வாங்கத் தவறினேன். உறவினர் என்பதாலேயே டிசம்பர் இருபதுவரை வழக்குத் தொடராமல் இருந்தேன். ஓரத்தில் சுருக்கொப்பம் போட்டார். ஊர்க் கல்யாணங்களில் இனி எந்தப் பந்தியில் உட்காருவது என்ற யோசனை ஒன்று வந்தது. அதை யோசித்ததற்காக அங்கேயே வெட்கமாகவும் இருந்தது.

"திங்கட்கிழமை நோட்டரிகிட்ட சத்தியம் பண்ணிக் குடுத்துர்றேன். இனி நான் இந்தக் கேசுல ஆஜராக முடியாது. சென்னையில எனக்கு வேண்டிய வக்கீல் ஒருத்தர் இருக்காரு. நல்ல மனுசன், தாராபுரத்துக்காரரு. நான் ஒரு வார்த்த சொன்னா..."

"வேண்டாங்க சார்."

அவள் மரியாதை குறையாமல்தான் சொன்னாள்.

"உங்களுக்கு வேண்டியவங்க வேண்டாங்க. எங்க காலேஜ்ல ஒரு மேடம் இருக்காங்க, அவுங்கள விசாரிச்சு நானே ஆளப் பாத்துக்கறனுங்க. பேப்பரையும் கேஸ் கட்டையும் மட்டும் குடுத்துருங்க."

"சரிங்க," என்றார் ஆறுச்சாமி.

கிருபா துண்டை இறுக்கிக் கட்டிக்கொண்டு களத்துக்குள் போனாள். தன் வரிசையைக் கண்டுபிடித்து அம்மாவுக்குப் பக்கத்தில் குனிந்தாள். மாரியாத்தாள் ஏதோ கேட்டாள். அவள் பதில் சொன்னது ஆறுச்சாமிக்குக் கேட்கவில்லை. ஆனால் மாரியாத்தாள் இந்த முறை திரும்பிப் பார்க்கவில்லை, கும்பிடவும் இல்லை. கோயம்புத்தூர் பஸ் வர இன்னும் முக்கால் மணி நேரம் இருந்தது. அதுவரை அவர் மரத்தடியிலேயே நின்றார். உட்காருங்கள் என்று அங்கே யாரும் சொல்லவில்லை.